அழுத்துவது ஒரு கணம், உதைப்பது ஒரு கணம்: புதிய தொலைக்காட்சியில் விளையாட்டு ஏன் பிந்துகிறது?

கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். சுங்கை சிப்புட் பக்கம் தோட்டக் குடியிருப்பில் இருக்கும் ஒரு தம்பி, தீபாவளிக் கழிவு விற்பனையில் 55 அங்குல 4கே தொலைக்காட்சி ஒன்று வாங்கியிருக்கிறார். பழைய 32 அங்குலப் பெட்டியில் பிளேஸ்டேஷன் 4 வைத்துக் கால்பந்து ஆடியபோது ஒரு குறையும் இருந்ததில்லை. புதியதிலோ பொத்தானை அழுத்தினால் ஆட்டக்காரன் யோசித்து யோசித்துத்தான் பந்தை உதைக்கிறானாம். "அத்தான் கண்ட்ரோலரை மாற்றச் சொல்கிறார், வாங்கிய கடையில் விலை உயர்ந்த எச்டிஎம்ஐ கேபிள் போடச் சொல்கிறார்கள், நண்பன் பெட்டியையே திருப்பிக் கொடுக்கச் சொல்கிறான். அண்ணே, நான் எதைச் செய்யட்டும்?" என்று கேட்கிறார்.

மூன்றும் வேண்டாம், தம்பி. ரிங்கிட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு ரிமோட்டைக் கையில் எடுங்கள். தொலைக்காட்சி பழுதுபார்க்கும் கடை வைத்திருப்பவன் இப்படிப் பேசினால் பிழைப்பு நடக்குமா என்று கேட்காதீர்கள். தீபாவளி முடிந்த கையோடு இதே புகாரைச் சுமந்து வருகிறவர்களில் பெரும்பாலோரை நான் ஒரு காசும் வாங்காமல்தான் திருப்பி அனுப்புகிறேன். பழுதே இல்லாத பெட்டிக்கு என்ன கூலி வாங்குவது?

உள்ளே என்ன நடக்கிறது என்பதை முதலில் பார்த்துவிடுவோம். அது பிடிபட்டுவிட்டால் எந்தக் கம்பெனிப் பெட்டியாக இருந்தாலும் எதை அணைக்க வேண்டும் என்பது உங்களுக்கே தெரிந்துவிடும்.

பழைய குழாய்த் தொலைக்காட்சி படத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளாது. சமிக்ஞை வந்த வேகத்திலேயே மின்னணுக் கற்றை திரையில் வரி வரியாக வரைந்துகொண்டு போகும். தட்டைத் திரை அப்படி இருக்க முடியாது. உங்கள் பிளேஸ்டேஷன் 4 அனுப்புவது 1920க்கு 1080 புள்ளிகள் கொண்ட படம். திரையில் இருப்பவையோ 3840க்கு 2160. ஒவ்வொரு புள்ளியையும் நான்காக்கியாக வேண்டும். அது ஒன்றுதான் வேலை என்றால் பெரிய தாமதம் ஆகாது. ஆனால் பெட்டி அதோடு நிற்பதில்லை. புள்ளிப் புள்ளியாகத் தெரியும் இரைச்சலை நீக்குகிறது, விளிம்புகளைக் கூர்மையாக்குகிறது, தோலின் நிறத்தைத் தனியாகத் தூக்கிக் காட்டுகிறது, இருண்ட பகுதியை மேலும் இருட்டாக்குகிறது, அசைவை வழவழப்பாக்குகிறது. ஒவ்வொரு வேலையும் படத்தைச் சற்று நேரம் தன்னிடம் வைத்திருந்துவிட்டுத்தான் அடுத்ததிடம் தள்ளிவிடும்.

ரப்பர்த் தோட்டத்தில் பால் மரம் வெட்டிய தலைமுறைக்கு இதை எளிதாகச் சொல்லலாம். பால் நிறுக்கும் கொட்டகையில் வரிசை நகரத் தொடங்கிவிட்டால் நிமிடத்துக்கு ஒருவர் வெளியே வந்துகொண்டே இருப்பார். வெளியே நிற்பவருக்கு வேலை மளமளவென்று நடப்பதாகத்தான் தெரியும். ஆனால் வாளியை இறக்கி, நிறுத்து, மாதிரி எடுக்கவிட்டு, கிராணி கணக்கில் எழுதும்வரை காத்திருந்து வருகிற ஒவ்வொருவரும் உள்ளே அரை மணி நேரம் நின்றவர். உங்கள் திரையிலும் விநாடிக்கு 60 படங்கள் குறையாமல் வருகின்றன; அதனால் படம் திக்குவதில்லை, வெட்டுவதில்லை. வருகிற ஒவ்வொன்றும் பழைய படம், அவ்வளவுதான். அம்மா தொடர் பார்க்கும்போது இது தெரியவே தெரியாது, ஏனென்றால் ஒலியையும் அதே அளவு பிந்த வைத்து உதட்டசைவோடு பெட்டியே பொருத்திவிடுகிறது. கண்ட்ரோலரைப் பிடித்திருக்கிற கைக்கு மட்டுமே அது உறைக்கும்.

இவற்றில் முதல் குற்றவாளி, அசைவை வழவழப்பாக்கும் வசதி. இரண்டு படங்களுக்கு நடுவே இல்லாத ஒரு படத்தைக் கற்பனையாகச் செய்து செருகுவது அதன் வேலை. நடுப்படத்தைச் செய்ய வேண்டுமானால் அடுத்த படம் கைக்கு வந்திருக்க வேண்டும். அதுவரை இப்போதைய படத்தைப் பிடித்துத்தான் வைத்திருக்க வேண்டும். ஆகவே எவ்வளவு வேகமான சில்லைப் போட்டாலும் தாமதமில்லாமல் இதைச் செய்ய வழியே கிடையாது. 60 ஹெர்ட்ஸில் ஒரு படத்துக்கு, அதாவது ஒரு ஃபிரேமுக்கு, 16.7 மில்லி விநாடி. நடைமுறையில் இந்த வசதி ஒன்றுக்கு மேற்பட்ட ஃபிரேம்களை விழுங்கிவிடுகிறது. சாம்சுங்கில் இதற்கு ஆட்டோ மோஷன் பிளஸ் என்று பெயர், பிந்திய மாடல்களில் பிக்சர் கிளாரிட்டி, எல்ஜியில் ட்ரூமோஷன், சோனியில் மோஷன்ஃப்ளோ. எந்தப் பெயரில் வந்தாலும் வேலை ஒன்றே. படம் பார்க்கும்போதுகூட எனக்கு இது பிடிப்பதில்லை. பழைய கறுப்பு வெள்ளைப் படத்தைக்கூட நேற்று எடுத்த நாடகம் போல ஆக்கிவிடும். அது வேறு கதை.

அழகுபடுத்தும் வேலைகள் எல்லாம் திறந்திருக்கும் நிலையில் 60 முதல் 120 மில்லி விநாடி வரை பிந்தும் பெட்டிகள் சர்வசாதாரணம். விளையாட்டுக்கான கேம் மோட் போட்டால் அதே பெட்டி பெரும்பாலும் 10 முதல் 20க்குள் இறங்கிவிடும். பூஜ்யம் ஆகாது. 60 ஹெர்ட்ஸில் ஒரு படம் மேலிருந்து கீழாக வந்து முடியவே 16.7 மில்லி விநாடி ஆகிறது. ஆகையால் திரையின் நடுவில் வைத்து அளந்தால் 8க்குக் கீழே போக வழியில்லை. யாராவது தன் 60 ஹெர்ட்ஸ் பெட்டியில் ஒரு மில்லி விநாடிதான் என்று மார்தட்டினால், அவர் அட்டைப்பெட்டியில் அச்சடித்த வேறொரு எண்ணைப் படித்துவிட்டு வந்திருக்கிறார். அது ஒரு புள்ளி ஒரு நிறத்திலிருந்து மற்றொரு நிறத்துக்கு மாற எடுக்கும் நேரம். அது கூடினால் ஓடுகிற ஆட்டக்காரனுக்குப் பின்னால் நிழல் இழுக்கும்; கை பிந்துவதற்கும் அதற்கும் தொடர்பில்லை.

ரிமோட்டைத் தொடும் முன்பு இன்னொன்றையும் உறுதி செய்துகொள்ளுங்கள்: குற்றம் தொலைக்காட்சியினுடையதுதானா? நீங்கள் இணையத்தில் எதிராளியோடு ஆடும்போது மட்டும் பிந்துகிறது, வீட்டில் தம்பியோடு ஆடும்போது சரியாக இருக்கிறது என்றால் வழக்கு வேறு. தோட்டக் குடியிருப்புகளில் பலர் கைப்பேசி இணைப்பைப் பகிர்ந்துதான் ஆடுகிறார்கள். மாலை மழை பிடித்தால் அந்த இணைப்பு படும் பாடு எல்லோருக்கும் தெரியும். அதற்குத் தொலைக்காட்சியைத் திட்டிப் பயனில்லை. கன்சோலின், அதாவது பிளேஸ்டேஷனின், இணையத்தைத் துண்டித்துவிட்டு, கணினிக்கு எதிராக ஓர் ஆட்டம் ஆடிப் பாருங்கள். அப்போதும் பிந்தினால்தான் நாம் மேலே பேச வேண்டியது.

கையில் கைப்பேசி இருக்கிறதல்லவா? அதுவே அளவுகோல். இப்போது பெரும்பாலான கைப்பேசிகளில் மெதுவசைவுக் காணொளி எடுக்கும் வசதி உண்டு. 240 ஃபிரேம் இருந்தால் அதைத் தேர்ந்தெடுங்கள்; ஒரு ஃபிரேமுக்கு 4.2 மில்லி விநாடி. 120தான் என்றால் ஒன்றுக்கு 8.3. கண்ட்ரோலரைத் திரைக்கு முன்னால், கட்டைவிரலும் திரையும் ஒரே சட்டத்துக்குள் விழும்படி பிடித்துக்கொள்ளுங்கள். அறையில் நல்ல வெளிச்சம் வேண்டும். கலிமந்தாங் குழல் விளக்கு காணொளியில் மினுக்கினால் பரவாயில்லை. இப்போது கன்சோலின் முகப்பு மெனுவில் திசைப் பொத்தானை ஓங்கி ஒரு தட்டு, சற்று இடைவெளி, மறுபடி ஒரு தட்டு என்று சில முறை தட்டுங்கள். பந்தை உதைக்கும் பொத்தானை வைத்து அளக்காதீர்கள். ஆட்டக்காரன் காலைப் பின்னால் இழுத்து ஓங்குகிற அசைவும் கணக்கில் சேர்ந்து உங்களைக் குழப்பிவிடும். மெனுவில் அந்தத் தொல்லை இல்லை; தேர்வு ஒரு கட்டத்திலிருந்து அடுத்த கட்டத்துக்குப் பட்டென்று தாவும்.

பிறகு காணொளியை ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்துங்கள். கட்டைவிரலின் நகம் வெளுத்து, பொத்தான் அடிவரை இறங்கிய ஃபிரேமிலிருந்து மெனு அசைந்த ஃபிரேம்வரை எண்ணுங்கள். எடுத்துக்காட்டாக 40 ஃபிரேம் வந்தால் 167 மில்லி விநாடி. பயப்படாதீர்கள், இது முழுக்கத் தொலைக்காட்சியின் கணக்கல்ல. கண்ட்ரோலரின் நேரமும் கன்சோல் படத்தை உருவாக்கும் நேரமும் அதில் சேர்ந்திருக்கின்றன. கேம் மோட் போட்டுவிட்டு அதே இடத்தில் அமர்ந்து மறுபடி எடுங்கள். இப்போது 22 ஃபிரேம் என்றால் 92 மில்லி விநாடி. மீதி 75 மில்லி விநாடி உங்கள் புதிய பெட்டியின் அலங்காரச் செலவு. இரண்டு எண்ணிக்கைகளின் வித்தியாசம்தான் நமக்கு வேண்டியது. தனித்தனி எண்ணை வைத்து யாரோடும் சண்டைக்குப் போகாதீர்கள்.

மடிக்கணினி இருந்தால் வேறொரு வழியும் உண்டு. அதை எச்டிஎம்ஐயில் இணைத்து, இரு திரைகளிலும் ஒரே படம் வரும்படி வைத்து, மில்லி விநாடி காட்டும் ஓடும் கடிகாரம் ஒன்றைத் திறந்துவிட்டு இரண்டையும் சேர்த்துப் புகைப்படம் எடுங்கள். மடிக்கணினியில் 12.480 என்றும் தொலைக்காட்சியில் 12.395 என்றும் இருந்தால் 85 மில்லி விநாடி பிந்துகிறது. ஒரு படத்தை நம்பாமல் பல எடுத்துச் சராசரி பாருங்கள். இதற்கென்றே லியோ போட்னர் என்ற பெயரில் ஒரு கருவி விற்கிறார்கள். திரையில் ஒளிரும் பட்டைமேல் வைத்தால் எண்ணைச் சொல்லிவிடும். வீட்டுக்கு அது தேவையில்லை.

இனி ரிமோட். கேம் மோட் இருக்கும் இடம் கம்பெனிக்குக் கம்பெனி மாறும். எல்ஜி, சோனி, ஹைசென்ஸ், டிசிஎல் போன்றவற்றில் பிக்சர் மோட் என்ற பட்டியலிலேயே ஸ்டாண்டர்ட், விவிட், சினிமா என்பவற்றோடு கேம் என்பதும் இருக்கும். எல்ஜியின் 2021க்குப் பிந்திய பல மாடல்களில் கேம் ஆப்டிமைசர் என்ற பெயர். சாம்சுங்கில் அந்தப் பட்டியலில் தேடினால் கிடைக்காது. ஜெனரல் பகுதிக்குள் எக்ஸ்டர்னல் டிவைஸ் மேனேஜர் என்பதன் கீழே ஒளிந்திருக்கும். 2022 முதல் வந்தவற்றில் கனெக்ஷன் பகுதிக்கு இடம் மாற்றிவிட்டார்கள். மெனுவை யாராவது மலாய் மொழிக்கு மாற்றி வைத்திருந்தால் தெத்தாப்பான், காம்பார், பெர்மைனான் என்ற சொற்களைப் பிடித்துக்கொண்டு போங்கள்.

அங்கே போயும் அந்த வரி மங்கலாக, தொட முடியாமல் இருக்கிறது என்று பலர் போன் செய்கிறார்கள். அஸ்ட்ரோவையோ யூடியூப்பையோ பார்த்துக்கொண்டே மெனுவைத் திறந்திருப்பார்கள். வெளியிலிருந்து வரும் எச்டிஎம்ஐ சமிக்ஞைக்குத்தான் அந்த வசதி. கன்சோலை இயக்கி, அது செருகியிருக்கும் எச்டிஎம்ஐக்கு மாறிக்கொண்டு, பிறகு மெனுவுக்குள் போங்கள். அப்படியே, அமைப்பை எல்லா இணைப்புகளுக்கும் பொருத்தவா என்று பெட்டி கேட்டால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். எச்டிஎம்ஐ 1இல் அஸ்ட்ரோ டிகோடர் இருக்கும். இரவு எட்டரை மணித் தொடரில் கதாநாயகியின் பட்டுப்புடவை வெளிறித் தெரிந்தால் வீட்டில் வரும் சண்டைக்கு நான் பொறுப்பல்ல.

அடுத்தது, மிகப் பலர் சிக்கிக்கொள்ளும் இடம். கேம் மோட் போட்டாயிற்று, கன்சோலின் மெனு சிட்டாகப் பறக்கிறது. ஆட்டத்தைத் தொடங்கியதும் திரையின் மூலையில் எச்டிஆர் (வெளிச்சத்துக்கும் இருட்டுக்கும் உள்ள வேறுபாட்டைக் கூட்டிக் காட்டும் பட முறை) என்று ஓர் அடையாளம் வந்து போகிறது, மறுபடி பழைய பிந்தல். என்ன நடந்தது? பல பெட்டிகள் சாதாரணப் படத்துக்கு ஒரு பட்டியலும் எச்டிஆர் படத்துக்குத் தனிப் பட்டியலும் வைத்திருக்கின்றன. முதலாவதில் நீங்கள் கேம் என்று வைத்தது இரண்டாவதற்குத் தெரியாது. அது தன் ஸ்டாண்டர்டுக்குப் போய்விடுகிறது. பிளேஸ்டேஷன் 4இல் எல்லா மாடல்களும் எச்டிஆர் அனுப்பக்கூடியவை. ஆகவே ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போதே, பந்து மைதானத்தில் இருக்கும்போதே, மெனுவைத் திறந்து இன்னொரு முறை கேம் என்பதைத் தேர்ந்தெடுங்கள். பெட்டி அதன் பிறகு நினைவில் வைத்துக்கொள்ளும். பழைய 32 அங்குலத்தில் எச்டிஆரே இருந்திருக்காது. அதனால் இந்தச் சிக்கல் உங்களுக்குப் புதிது.

கழிவு விற்பனையில் வாங்கியதாகச் சொல்வதால் மற்றொன்றையும் கேட்கிறேன். கடையில் காட்சிக்கு வைத்திருந்த பெட்டியா? அப்படியென்றால் அது இன்னும் கடைக் காட்சி நிலையிலேயே இருக்கலாம். அந்த நிலையில் நீங்கள் எதை மாற்றினாலும் சற்று நேரத்தில் பெட்டி தானாகவே கண்ணைப் பறிக்கும் பளபளப்புக்குத் திரும்பிவிடும். கேம் மோட் நிற்கவே மாட்டேன் என்கிறது என்று நள்ளிரவில் தலையைப் பிய்த்துக்கொள்பவர்கள் உண்டு. ஸ்டோர் அல்லது ரீடெயில் என்று இருப்பதை ஹோம் என்று மாற்றினால் முடிந்தது. அறைக்கும் காட்சிக்கும் ஏற்பப் படத்தைத் தானாக மாற்றிக்கொள்ளும் 'அறிவுள்ள' வசதிகளையும் கன்சோல் உள்ள இணைப்பில் அணைத்துவிடுங்கள். அவையும் நம் கையை மீறிப் பிக்சர் மோட்டை மாற்றும்.

கேம் மோட் என்ற பெயரே இல்லாத பழைய பெட்டி என்றால் எச்டிஎம்ஐ இணைப்புக்குப் பெயர் சூட்டும் இடத்தில் பிசி என்று வைத்துப் பாருங்கள். பழைய சாம்சுங் பெட்டிகள் பலவற்றில் கணினி என்று நம்ப வைத்தாலே அழகு வேலைகளில் பாதியை விட்டுவிடும். அதுவும் இல்லையென்றால் கையால்தான்: அசைவு வசதி முதலில், பிறகு நாய்ஸ் ரிடக்ஷன் என்று தொடங்கும் எல்லாம், டைனமிக் காண்ட்ராஸ்ட், எட்ஜ் என்ஹான்ஸ்மெண்ட். படத்தின் விளிம்பு வெட்டுப்பட்டால் திரைக்குப் பொருத்தும் ஜஸ்ட் ஸ்கேன் அல்லது ஃபிட் டு ஸ்கிரீன் என்பதையும் வைத்துவிடுங்கள். ஒளி அளவு, நிறச்சூடு, வண்ணச் செறிவு ஆகியவற்றைக் கூட்டினாலும் குறைத்தாலும் தாமதத்துக்கு ஒன்றும் ஆகாது. மின்சாரச் சிக்கனம் என்ற வசதியும் திரையை மங்கலாக்குமே தவிரக் கையைப் பிந்த வைப்பது அரிது.

கேம் மோட் போட்டதும் படம் நீலம் பூத்து, உயிரற்றுத் தெரிவதாக எல்லோரும் சொல்வார்கள். அதற்காக அதை விட்டுவிட வேண்டியதில்லை. நிறச்சூட்டை வார்ம் பக்கம் தள்ளுங்கள், கூர்மையை நன்றாகக் குறையுங்கள். கறுப்பு சாம்பலாகத் தெரிந்தால் கன்சோலின் ஆர்ஜிபி ரேஞ்சையும் தொலைக்காட்சியின் எச்டிஎம்ஐ பிளாக் லெவலையும் ஆட்டோவில் வைத்துப் பாருங்கள். இரண்டும் ஒன்றோடொன்று முரண்பட்டு நிற்பதால் வரும் வெளிறல் அது.

இப்போது அத்தானுக்கு வருவோம். கண்ட்ரோலரில் தாமதம் இல்லை என்று சொல்லமாட்டேன். புளூடூத்துக்குப் பதிலாகக் கேபிளில் இணைத்தால் சில மில்லி விநாடி மிச்சமாகலாம். பிளேஸ்டேஷன் 4இல் கேபிளைச் செருகினால் மட்டும் போதாது; டிவைசஸ் பகுதியில் கண்ட்ரோலர்ஸ் உள்ளே போய்த் தொடர்பு முறையை யுஎஸ்பி கேபிள் என்று மாற்ற வேண்டும். மாற்றியும் பலனில்லை என்றால் கேபிளைப் பாருங்கள். பசார் மாலாம் என்னும் இரவுச் சந்தையில் மலிவாக வாங்கிய கேபிள்களில் பல, மின்னேற்றம் மட்டும் செய்யும். தகவல் போகும் நரம்பு அவற்றில் கிடையாது. எப்படி இருந்தாலும் இது சில்லறை. 75 மில்லி விநாடிப் பிரச்சினையைப் புதிய கண்ட்ரோலர் தீர்க்காது. குச்சி தானாக ஒரு பக்கம் இழுத்தாலோ பொத்தான் உள்ளேயே சிக்கிக்கொண்டாலோ மாற்றுங்கள்.

எச்டிஎம்ஐ கேபிள் பற்றி என் கருத்து கடுமையானது. இரண்டு மீட்டர் கேபிளைச் சமிக்ஞை கடக்க ஆகும் நேரம் ஒரு விநாடியின் பத்து கோடியில் ஒரு பங்கு அளவு. அதில் தங்க முலாம் பூசி எதைச் சம்பாதிக்கப் போகிறோம்? எச்டிஎம்ஐ கேபிள் வேலை செய்யும், அல்லது செய்யாது. செய்யாதபோது படம் பொட்டுப் பொட்டாக மின்னும், இல்லை கறுத்துப் போகும். பிந்தச் செய்வது அதன் சுபாவத்திலேயே இல்லை. பிளேஸ்டேஷன் 5இல் 4கே படத்தை 120 ஹெர்ட்ஸில் எடுக்க வேண்டுமானால் மட்டும் அல்ட்ரா ஹை ஸ்பீடு என்று சான்று பெற்ற 48 ஜிகாபிட் கேபிள் தேவை. அது கன்சோல் பெட்டிக்குள்ளேயே வருகிறது. கேபிளைவிட, நடுவில் என்ன இருக்கிறது என்று பாருங்கள். மலிவான பிரிப்பான்கள், ஒலிப்பெட்டி, பழைய ஆம்பிளிஃபையர் வழியாகச் சுற்றிக்கொண்டு போனால் அவற்றில் சில படத்தில் கைவைத்துத் தம் பங்கு தாமதத்தைச் சேர்க்கும். கன்சோலிலிருந்து நேராகத் தொலைக்காட்சிக்கு வாருங்கள்.

ஒலி பிந்துவதையும் கை பிந்துவதாக நினைக்கிறவர்கள் உண்டு. புளூடூத் ஒலிபெருக்கி போட்டிருந்தால் உதைத்த சத்தம் 100, 200 மில்லி விநாடி கழித்துத்தான் கேட்கும். மூளை அதைப் படத்தின் தலையில் போட்டுவிடும். கேபிள் வைத்த சவுண்ட்பாருக்கு மாறினால் சரியாகும். அங்கும் பிந்தினால் டிஜிட்டல் ஒலி வடிவத்தைப் பிசிஎம் என்று வையுங்கள்.

இன்னொரு கூட்டம் கைப்பேசியில் மொபைல் லெஜண்ட்ஸ் ஆடி, அதைக் கம்பியில்லாமல் தொலைக்காட்சியில் பிரதிபலித்துவிட்டு, கேம் மோட் போட்டும் ஒன்றும் நடக்கவில்லை என்கிறது. நடக்காது. கைப்பேசி தன் திரையைக் காணொளியாகச் சுருக்கி, வைஃபையில் அனுப்பி, தொலைக்காட்சி அதை விரித்துக் காட்ட வேண்டும். இந்தச் சுற்றுப் பயணத்தின் முன் கேம் மோட் மிச்சம் பிடிப்பது ஒன்றுமேயில்லை. கைப்பேசியின் டைப்-சி துளை காணொளியை வெளியே அனுப்பும் வகை என்றால் அதற்கான எச்டிஎம்ஐ அடாப்டர் வாங்கி இணைக்கலாம். விலை குறைந்த கைப்பேசிகளில் பெரும்பாலும் அந்த வசதி இருப்பதில்லை. அடாப்டருக்குப் பணம் கொடுக்கும் முன் உங்கள் கைப்பேசியைச் செருகிக் காட்டச் சொல்லுங்கள்.

வீட்டில் பழைய பிளேஸ்டேஷன் 2 இன்னும் உயிரோடு இருந்தால், அந்த மஞ்சள் செருகியை எச்டிஎம்ஐயாக மாற்றும் சின்னப் பெட்டியை வாங்கும் முன் யோசியுங்கள். அதிலிருந்து வருவது ஒற்றை வரிகள் ஒரு முறை, இரட்டை வரிகள் ஒரு முறை என்று பின்னி வரும் படம். அதை முழுப் படமாகத் தைப்பதற்கே நேரம் பிடிக்கும், மாற்றிப் பெட்டியும் கொஞ்சம் சேர்க்கும், கேம் மோட் பாதிதான் காப்பாற்றும். சாமான் அறையில் குழாய்த் தொலைக்காட்சி கிடந்தால் பழைய இரும்புக்காரரிடம் போட்டுவிடாதீர்கள். பிளேஸ்டேஷன் 2க்கு அதைவிட நல்ல ஜோடி இன்றுவரை இல்லை.

சண்டை விளையாட்டு ஆடுகிறவர்களுக்கு இந்தக் கணக்கெல்லாம் இன்னும் கறாராகப் பொருந்தும். டெக்கன் போன்றவற்றில் சில தாழ்வான உதைகள் அரை விநாடிக்குள் வந்து விழும். பார்த்துக் குனிந்து தடுப்பவன் பிழைப்பான். அதில் 100 மில்லி விநாடியை, அதாவது 6 ஃபிரேமைத் தொலைக்காட்சி விழுங்கிவிட்டால் பார்க்கும்போதே உதை விழுந்திருக்கும். கால்பந்தில் அவ்வளவு கொடுமை இல்லை. 20 மில்லி விநாடிக்குள் உள்ள பெட்டியில் நீங்கள் தோற்றால் எதிராளி நன்றாக ஆடுகிறான் என்று பொருள்.

பின்னாளில் பிளேஸ்டேஷன் 5 வாங்கும் எண்ணம் இருந்தால் இரண்டு சொல். அதில் பல விளையாட்டுகள் அழகு முக்கியமா, வேகம் முக்கியமா என்று கேட்கும், வேகத்தைத் தேர்ந்தெடுங்கள். 30 ஃபிரேமில் ஒரு படத்துக்கு 33 மில்லி விநாடி, 60இல் அதில் பாதி. தொலைக்காட்சியில் எந்த அமைப்பை மாற்றினாலும் இந்த வித்தியாசத்தை ஈடுகட்ட முடியாது. புதிய பெட்டிகளில் ஏஎல்எல்எம் என்ற வசதி இருந்தால், கன்சோல் சொன்னதும் கேம் மோட் தானாகவே விழும். மெனுவில் தேடித் திரிய வேண்டாம். 120 ஹெர்ட்ஸ் வேண்டுமென்றால் அட்டையில் மோஷன் ரேட் 120 என்று பார்த்து ஏமாறாதீர்கள். திரை உண்மையில் எத்தனை ஹெர்ட்ஸ் என்று கேளுங்கள். பெரும்பாலும் 60 என்று பதில் வரும்.

இடி இறங்கும் மாலைகளில் ஆட்டம் முடிந்ததும் மின்செருகியோடு எச்டிஎம்ஐ கேபிளையும் பிடுங்கிவிடுங்கள். மின்னல் தாக்கி எச்டிஎம்ஐ துளை செத்த பெட்டிகள்தான் என் மேசையில் உண்மையான பழுதாக வருகின்றன. அதற்குக் கூலி வாங்குவேன்.

எல்லாம் செய்தும், எச்டிஆரிலும் கேம் என்பதை வைத்தும், கைப்பேசிக் காணொளியில் முன்னும் பின்னும் எண்ணிக்கை மாறவே இல்லை என்றால் பெட்டியின் பின்னால் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரைப் படம் பிடித்து, மாடல் எண் முழுவதும் தெரியும்படி அனுப்புங்கள். ஒரே பெயரில் விற்கும் பெட்டிகளில்கூடக் கடைசி இரண்டு மூன்று எழுத்துகளை வைத்துத்தான் உள்ளே என்ன பலகை இருக்கிறது என்று தெரியும். அதைப் பார்த்துவிட்டு, திருப்பிக் கொடுக்க வேண்டிய பெட்டிதானா என்று சொல்கிறேன். அதுவரை ரசீதையும் அட்டைப்பெட்டியையும் பத்திரமாக வைத்திருங்கள்.